திருடுபோன நடை

செய்தி வந்தபோது நீலகிரி அரவேணுவில் எங்கள் மளிகைக் கடையின் ஷட்டரைப் பாதி தூக்கியிருந்தேன். இந்திராணியின் தம்பி மனைவி போனில் அழுதாள். "அக்கா போயிட்டாங்க" என்றாள். கோயம்புத்தூர் ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்குக் கூட்டி வந்து பதினோரு நாள்தான் ஆகியிருந்தது. வயிற்றில் வந்த புற்று விடாது என்று எங்கள் எல்லோருக்கும் தெரியும். அவருக்கு எங்களுக்கு முன்பே தெரியும். நான் அழவில்லை. தூக்கிய ஷட்டரை இறக்கிப் பூட்டினேன். என் வாயிலிருந்து வந்த முதல் கேள்வி, "அவனுக்குச் சொல்லியாச்சா?" என்பதுதான்.

அவன் யார் என்று கொஞ்சம் பொறுத்துச் சொல்கிறேன்.

இந்திராணி வேலை பார்த்த அரசு மருத்துவமனையின் ஊழியர் சங்கத்தார்தான் இந்த நினைவு மலருக்குக் கட்டுரை கேட்டார்கள். "ஏனுங்க அக்கா, கொஞ்சம் சாந்தமா எழுதிக் குடுங்க. நாலு பெரியவங்க படிப்பாங்க" என்று செயலாளர் கடைக்கே வந்து சொல்லிவிட்டுப் போனார். நாலு பெரியவர்கள் படிக்க வேண்டும் என்றுதான் எழுதுகிறேன். சாந்தம் என்னிடம் இல்லை. இந்திராணியை நான் நேரில் 'அவர்' என்று சொன்னதே கிடையாது. ஆறாம் வகுப்பிலிருந்து வாடி போடிதான். அச்சில் மரியாதை வேண்டும் என்றார்கள், சரி, கொடுத்துவிட்டேன். அவனுக்கு மட்டும் 'அவன்'தான். அதை யாரும் திருத்தக் கூடாது. திருத்தினால் இந்த மலரைக் கடையில் கடுகுப் பொட்டலம் மடிக்க வைத்துக்கொள்வேன்.

இந்திராணியின் அப்பா சுப்பையாவும் அம்மாவும் இலங்கைத் தோட்டத்திலிருந்து திரும்பி வந்தவர்கள். இங்கே வந்தும் அவர்களுக்குத் தேயிலைதான் வாய்த்தது. எஸ்டேட் லயத்தில், தொழிலாளர் வரிசை வீடுகளில், ஒரே அறை கொண்ட காம்பிரா வீடு. இரண்டு வயதில் இளம்பிள்ளை வாதம் வந்து இந்திராணியின் இடது கால் சூம்பிப்போனது. இரும்புக் கம்பியும் தோல் வாரும் வைத்த காலிப்பரை மாட்டிக்கொண்டால் நிமிர்ந்து நடப்பார். அது இல்லாவிட்டால், ஒவ்வோர் அடிக்கும் இடக்கையால் முழங்காலுக்கு மேலே தொடையை அழுத்தி, மூட்டு மடங்காமல் பிடித்துக்கொண்டு, அப்புறம்தான் வலது காலை எடுத்து வைப்பார். இடது கால், இடது கை. படிக்கிறவர்கள் இதை மறக்காமல் வைத்துக்கொள்ளுங்கள்.

பாவம் என்று யாராவது சொன்னால் அவருக்குப் பிடிக்காது. எட்டாம் வகுப்பில் ஒருவன் அவரைப் போலவே நடந்து காட்டினான். இந்திராணி பெஞ்சில் உட்கார்ந்து, வாரை ஒவ்வொன்றாக அவிழ்த்து, காலிப்பரைக் கையில் எடுத்து, அவனை அருகில் கூப்பிட்டார். அவனும் மடையன் மாதிரி வந்தான். விழுந்த அடியில் தலைமையாசிரியர் அறை வரைக்கும் ஓடினான். "நடையைக் காப்பியடிச்சா எனக்குப் பத்திக்கிட்டு வரும் சரசு" என்றார் என்னிடம். அன்றைக்கு விழுந்து விழுந்து சிரித்தோம்.

நாங்கள் பிளஸ் டூ வந்தபோது தேயிலை விலை விழுந்தது. சின்னத் தோட்டக்காரர்கள், பறிக்கும் கூலிக்குக்கூடத் தேறாது என்று கொழுந்தைச் செடியிலேயே முற்ற விட்டார்கள். எங்கள் கடையில் சீனி வாங்கியவர்கள் வெல்லத்துக்கு மாறினார்கள். இந்திராணியின் எஸ்டேட்டில் ஆளைக் குறைக்க வேண்டும். ஆனால் குறைக்கிறோம் என்று சொன்னால் சங்கம் கொடி பிடிக்கும். அதனால் ஒரு தந்திரம் செய்தார்கள். காலையில் ஆட்கள் வரிசையாக நின்று பேர் கொடுக்கும் இடத்தை லயத்து மக்கள் பெரட்டு என்பார்கள். அந்தப் பெரட்டுக்கு ஒரு டாக்டரைக் கூட்டி வந்து, கையில் ரெஜிஸ்டரோடு நிறுத்தினார்கள். இருமினால் பேர் போகும். நொண்டினால் பேர் போகும்.

இரண்டே வாரத்தில் லயம் முழுக்கப் பாடம் படித்துக்கொண்டது. இந்திராணியின் அம்மாவுக்கு மூட்டு பூசணிக்காய் போல வீங்கியிருக்கும். டாக்டர் முன்னால் மட்டும் பத்தடி நிமிர்ந்து நடப்பார்; அப்புறம் கொழுந்துக் கூடை வைக்கும் கொட்டகைக்குப் பின்னால் போய் உட்கார்ந்து முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுவார். நானே பார்த்திருக்கிறேன். சுப்பையா பிள்ளைகளுக்குச் சொல்லி வைத்தார்: "ரெஜிஸ்டர் வச்சிருக்க டாக்டருக்கு முன்னாடி நோவக் காட்டப்படாது. நிமுந்து நட. பேரு நிக்கும்."

இந்திராணி நுழைவுத் தேர்வில் நல்ல மதிப்பெண் வாங்கினார். பொதுப் பட்டியலுக்குக் கொஞ்சம் குறைந்தது; ஊனமுற்றோர் கோட்டாவில் தாராளமாகக் கிடைக்கும். அப்போது அந்தப் பெயர்தான். டாக்டராக வேண்டும் என்பது அவருக்கு ஏதோ கனவு, கினவு என்றெல்லாம் இல்லை. "பெரட்டுல நிக்கிற டாக்டரா நான் வரணும். எங்கம்மாவ உக்கார வச்சு மூட்டப் பாக்கணும்" என்பார். அவ்வளவுதான் ஆசை.

சென்னையில் கவுன்சிலிங். அதற்கு முன் மெடிக்கல் போர்டு பார்க்கும். ஊனம் ஐம்பது சதவீதத்துக்கு மேல் இருப்பவர்களுக்கு முதலில் இடம். மிஞ்சினால்தான் அதற்குக் கீழே இருப்பவர்களுக்கு. இந்த விதியை எங்களுக்கு விளங்கும்படி சொல்ல யாரும் இல்லை. எங்களுக்குத் தெரிந்ததெல்லாம் ஒன்றுதான்: ரெஜிஸ்டரோடு டாக்டர்கள் உட்கார்ந்திருப்பார்கள், பேர் நிற்க வேண்டும். காலிப்பர் கட்டிய காலோடு போனால், நீ எப்படியம்மா ஆபரேஷன் தியேட்டரில் நிற்பாய் என்று கேட்டு அடித்துவிடுவார்கள் என்று நாங்களே முடிவு கட்டிக்கொண்டோம். ஒரு மாதம் எஸ்டேட் ரோட்டில் காலிப்பர் இல்லாமல், தொடையில் கை வைக்காமல், மூட்டைப் பின்னால் பூட்டி நடக்கப் பழகினார். எத்தனை முறை விழுந்தார் என்று கேட்காதீர்கள். பக்கத்தில் நின்று, "இன்னும் ரெண்டடி, புள்ள, ரெண்டே அடி" என்று உசுப்பிவிட்டவள் நான்.

சுப்பையாவுக்கு லீவு கிடைக்கவில்லை. பெரட்டுக்கு வராவிட்டால் பேர் போகும். என் அப்பாவும் நானும்தான் மேட்டுப்பாளையத்தில் ரயில் ஏறி அவரைக் கூட்டிப் போனோம்.

போர்டு இரண்டாவது மாடியில். காலிப்பரோடு படி ஏறுவதே பாடு. கைப்பிடி ஒரு பக்கம்தான் இருந்தது. மேலே பெஞ்சில் எங்களுக்குப் பக்கத்தில் ஒரு பையன், அவனோடு அவன் அப்பா. சலவைச் சட்டை, மினுங்குகிற ஷூ. "நீங்களும் நீலகிரியா? எங்க வீடு பெர்ன்ஹில்" என்று பேச்சுக் கொடுத்தான். நம்மூர்ப் பையன் என்று எங்களுக்கும் சந்தோஷம். எந்தக் கால், காலிப்பர் இல்லாமல் எப்படி நடப்பீர்கள், கையை எங்கே வைப்பீர்கள் என்று அக்கறையாக விசாரித்தான். இந்திராணி வாரை அவிழ்த்துவிட்டு, அந்த வராந்தாவில் நாலடி நடந்து காட்டினார். தொடையில் கை வைத்து, அழுத்தி, அடுத்த அடி. அவன் கண் கொட்டாமல் பார்த்தான். "தண்ணி வேணுமா?" என்று கேட்டுக் கீழே போய் வாங்கி வந்தான். இரண்டு இரண்டு படியாகத் தாவி வந்தான். அதை நான் பார்த்தேன். பார்த்தும் எனக்கு ஒன்றும் உறைக்கவில்லை. பதினேழு வயதில் எனக்கு இருந்த புத்தி அவ்வளவுதான்.

முதலில் இந்திராணியைக் கூப்பிட்டார்கள். "காலிப்பர நான் வச்சுக்கறேன், நீ போ" என்று வாங்கி, எங்கள் கடைப் பெயர் போட்ட மஞ்சள் பையில் போட்டுக்கொண்டேன். கதவு பாதி திறந்திருந்தது. மூன்று பேர் உட்கார்ந்திருந்தார்கள். ஒருவர் டீ குடித்துக்கொண்டிருந்தார். இந்திராணி நிமிர்ந்து, கையை வீசி, பன்னிரண்டு அடி நடந்தார். அவர் வாழ்நாளில் நடந்த மிக அழகான நடை அது. ஒருவராவது எழுந்து வந்து அந்தக் காலைத் தொட்டுப் பார்த்திருந்தால் தெரிந்திருக்கும். தொடை என் மணிக்கட்டுத் தடிமன்தான். யாரும் எழவில்லை.

வெளியே வந்தபோது அவர் முகம் பூரித்திருந்தது. "'நல்லாத்தானம்மா நடக்கிற'ன்னு சொன்னாங்க சரசு! பேரு நின்னுரும்!" என்று என் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

அடுத்து அவனைக் கூப்பிட்டார்கள். எழுந்தான். இடக்கையை இடது தொடையில் வைத்தான். அழுத்தினான். அடுத்த அடி. அழுத்தினான். அடுத்த அடி. "அட, இவனுக்கும் அதே காலா?" என்றேன் நான். இந்திராணியின் கை என் கையிலிருந்து நழுவியது மட்டும் நினைவிருக்கிறது.

அவருக்கு நாற்பத்தைந்து என்று எழுதினார்கள். அவனுக்கு அறுபது. கடைசி இடம் அவனுக்குப் போனது. மிச்சம் ஒன்றும் இல்லை.

அவன் படி தாவியதையும் இவர் நடையைக் காப்பியடித்ததையும் சொல்லிப் பார்த்தோம். என் அப்பா, கைகூப்பியே பழகிய மனிதர், அன்றைக்குச் சத்தம் போட்டார். இந்திராணி காலிப்பரை மாட்டிக்கொண்டு மறுபடி உள்ளே போய், "என் காலத் தொட்டுப் பாருங்க சார்" என்றார். "அப்பவே காட்டியிருக்கணும். இப்ப நடிக்காதே" என்று விரட்டினார்கள். அவரிடம் போய் நடிக்காதே என்றார்கள்! அந்த மூவரில் இருவர் செத்துப்போனதாகக் கேள்வி. நான் ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. மூன்றாமவர் இருந்தால், இந்த மலர் அவர் கைக்குப் போய்ச் சேரட்டும்.

ரயிலில் திரும்பும்போது ஈரோடு தாண்டியதும் அவர் ஒன்று சொன்னார். "சீட்டு போனாப் போவுது சரசு. என் நடைய எடுத்துக்கிட்டுப் போயிட்டான்." லயத்துக்கு வந்ததும் சுப்பையாவிடம், "தப்பு ஒங்க மேல இல்லப்பா, நான்தான் ரொம்ப நல்லா நடந்துட்டேன்" என்றார். அந்த மனிதர் அதற்குப் பிறகு மகள் முன்னால் நிமிர்ந்து உட்கார்ந்து நான் பார்த்ததில்லை. நானும் அந்த மஞ்சள் பையை மறந்ததில்லை. கழட்டிக் கொடு என்று கை நீட்டியவள் நான்தானே.

அஞ்சல் வழியில் பட்டம் வாங்கி, தேர்வு எழுதி, மலைமேலுள்ள அந்த அரசு மருத்துவமனையில் எழுத்தர் வேலைக்குச் சேர்ந்தார் இந்திராணி. ஊனச் சான்றிதழ் கொடுக்கும் பிரிவைக் கேட்டு வாங்கிக்கொண்டார். புதன்கிழமைகளில் போர்டு. அன்றைக்கு மட்டும் தன் மேசையில் உட்கார மாட்டார். படிக்கட்டின் அடியில் ஒரு முக்காலி போட்டுக்கொள்வார். எஸ்டேட்டிலிருந்து யார் வந்தாலும் முதல் வார்த்தை இதுதான்: "இது பெரட்டு இல்ல. இங்க நிமுந்து நடந்தா பேரு போயிரும். வலிச்சா வலிக்குதுன்னு சொல்லு. விழுறதா இருந்தா விழு." அந்த முக்காலியின் புண்ணியத்தில் மருத்துவக் கல்லூரிக்குப் போன பிள்ளைகள் உண்டு. ஒரு பெண் முதலாண்டு வெள்ளைக் கோட்டோடு வந்து காலில் விழப்போனாள். "கீழ குனியாத, டிஸ்க்கு போயிரும்" என்று விரட்டிவிட்டார்.

கள்ளச் சான்றிதழ்க்காரர்களும் வருவார்கள். "உள்ள வாறப்ப எல்லாரும் நொண்டுவானுங்க. வெளிய போறப்பதான் பாக்கணும்" என்பார். வாசல் டீக்கடைக்காரரைக்கூடச் சாட்சி ஆக்கி வைத்திருந்தார். சான்றிதழை வாங்கிக்கொண்டு பஸ்ஸுக்கு ஓடியவர்களை நிறுத்தி, மறுபடி மாடிக்கு அனுப்பியிருக்கிறார். அப்போது அவர் முகத்தில் ஒரு சிரிப்பு வரும். நல்ல சிரிப்பு இல்லை அது. எனக்கு அந்தச் சிரிப்பு ரொம்பப் பிடிக்கும்.

ஒரு முறை தவறும் செய்தார். மசினகுடியிலிருந்து வந்த ஒரு மாணவன் காலையில் நன்றாக நடந்ததைப் பார்த்து, பொய்க்காரன் என்று எழுதி அனுப்பிவிட்டார். அவனுக்குத் தசை நோய். காலையில் தெம்பாக இருக்கும், மத்தியானத்துக்குள் துவண்டுவிடும். தெரிந்ததும் லீவு போட்டு, மூன்று பஸ் மாறி அவன் வீட்டுக்கே போய் மன்னிப்புக் கேட்டு, மறு பரிசோதனைக்குக் கையோடு கூட்டி வந்தார். "நானும் அந்த மூணு பேர் மாதிரி உக்காந்துட்டேன் சரசு" என்று என் கடையில் அன்றைக்கு அழுதார். அவர் அழுது நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால், ஒரு புதன்கிழமை, புது எலும்பு டாக்டர் ஒருவன் போர்டு உறுப்பினராக வந்து சேர்ந்தான். முக்காலியைத் தாண்டி இரண்டு இரண்டு படியாகத் தாவி ஏறினான். இந்திராணி தலையைத் தூக்கிப் பார்த்தார். அவன்தான்.

அவனுக்கு இவரை அடையாளம் தெரியவில்லை. "படிக்கட்டுல உக்காராதீங்கம்மா, வழிய மறைக்குது" என்று மட்டும் சொன்னானாம். அன்று மாலையே கடைக்கு வந்து சொன்னார். "மண்டைய உடைச்சிரலாமா?" என்றேன். "சும்மா இரு. அவன் ஃபைல நான் பாக்கணும்" என்றார்.

தகவல் உரிமைச் சட்டத்தில் விண்ணப்பித்தார். மூன்று முறை மறுத்தார்கள். மேல்முறையீடு செய்து, அலைந்து, நாலாவது முறை அவனுடைய சேர்க்கைக் கோப்பின் நகலை வாங்கினார். என்னிடம் கொண்டுவந்து ஒரு வரியைக் காட்டினார். இடது கால், இளம்பிள்ளை வாதம், நடக்கும்போது இடக்கையால் தொடையை அழுத்திக்கொள்கிறார். "என்னப் பத்தி எழுதுன ஒரே நெசம் இவன் ஃபைல்ல இருக்கு" என்றார். எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது.

புகார் போனது. துறை விசாரணை வந்தது. அவனைப் போர்டிலிருந்து எடுத்தார்கள், வேலையிலிருந்து எடுக்கவில்லை. அவன் கொடுத்த பதிலைக் கேளுங்கள்: சிறு வயதில் வாதம் உண்மைதான், விடாப்பயிற்சியால் தேறிவிட்டேன், இருந்தாலும் இடது காலில் பலவீனம் இருக்கிறது, சமதரையில் நடப்பேன், மேடு ஏற முடியாது. வாதம் பயிற்சியில் தேறிவிட்டதாக எழுதிக் கொடுத்தவன் ஓர் எலும்பு டாக்டர்! அதற்குப் பிறகு அவன் மருத்துவமனையில் படி ஏறுவதே இல்லை. லிஃப்ட் வரும்வரை நல்ல பிள்ளையாக நிற்பான். அவன் உண்மையில் மேடு ஏறுவதை யாராவது பொறுப்பானவர் கண்ணால் பார்த்தால் ஒழிய, விசாரணை நகராது என்று ஆனது. அதற்குள் இந்திராணிக்கு நோய் வந்துவிட்டது.

கடைசி வாரத்தில் ஒருநாள் என்னைக் கிட்டே கூப்பிட்டார். "என்னய எஸ்டேட்டு மேல் மயானத்துல பொதைக்கணும். தம்பிகிட்ட சொல்லிட்டேன்" என்றார். கீழே ரோட்டோரம் நல்ல மயானம் இருக்கிறது, கார் போகும். மேலே உள்ளதற்குத் தேயிலைக்கு நடுவே செங்குத்தான ஒற்றையடிப் பாதைதான். இவர் ஒருநாளும் ஏறாத பாதை. "எதுக்குடி இந்தப் பிடிவாதம்?" என்றேன்.

"அவன் வருவான் சரசு. வராட்டி பயந்துட்டான்னு பேசுவாங்கல்ல. மாலையோட வருவான். சூப்பிரண்டும் வருவாரு. எல்லாருக்கும் முன்னால போயி நிக்கணும், அதான் அவன் புத்தி. நீ ஒண்ணும் செய்யாத. நடையப் பாரு."

சூப்பிரண்டு என்பது மருத்துவமனைக் கண்காணிப்பாளர். விசாரணைக்கு அறிக்கை எழுத வேண்டியவர் அவர்தான். அவருக்கு நானே போன் செய்து, கட்டாயம் வரவேண்டும் என்று சொன்னேன்.

அவன் வந்தான். வெள்ளைச் சட்டை, இடது கையில் பெரிய மலர் வளையம். பாதையின் அடியில் ஒரு கணம் நின்றான். இங்கேயே வைத்துவிட்டுத் திரும்பிவிடுவானோ? மேலே பாடை போய்க்கொண்டிருந்தது. பறை அடித்தது. மழை தூற ஆரம்பித்தது. சங்கத்துப் பையன்கள் வழக்கம்போல் போனில் படம் பிடித்துக்கொண்டிருந்தார்கள். கூட்டம் தன்னை விட்டு மேலே போவதைப் பார்த்தான். அப்புறம் ஏறினான். நின்று நிதானித்தெல்லாம் இல்லை. எட்டி எட்டி வைத்து, பெண்களைத் தாண்டி, சங்கத்தாரைத் தாண்டி, பாதி வழியில் இடுப்பைப் பிடித்துக்கொண்டு இரைத்த சூப்பிரண்டையும் தாண்டி, குழிக்கு முன்னால் போய் நின்றான். மூச்சுக்கூட வாங்கவில்லை. அடக்கம் முடிந்து அவன் வளையத்தைக் கையில் எடுத்து முன்னால் வந்தபோது சூப்பிரண்டும் மேலே வந்து சேர்ந்திருந்தார்.

ஒன்றும் செய்யாதே என்று சொல்லியிருந்தார் இந்திராணி. அவர் பேச்சை நான் கேட்காத ஒரே இடம் இதுதான். எல்லோர் காதிலும் விழும்படி சொன்னேன்:

"நல்லாத்தானுங்க டாக்டர் நடக்கறீங்க!"

பறை நின்றிருந்தது. அவன் திரும்பி என்னைப் பார்த்தான். சூப்பிரண்டைப் பார்த்தான். இடது கையில் வளையம் இருந்தது. சும்மா இருந்த வலக்கை மெல்லக் கீழே போயிற்று. வலது தொடையை அழுத்திப் பிடித்துக்கொண்டு ஓர் அடி நொண்டினான்.

குழிக்குப் பக்கத்தில் குந்தியிருந்த சுப்பையா எழுந்தார். எண்பது வயதுக் கிழவர். அன்றைக்குத்தான் அவர் நிமிர்ந்து நின்றதை மறுபடி பார்த்தேன்.

"அந்தக் கால் இல்லீங்க டாக்டரய்யா" என்றார். "எம்மகளுக்கு எடது கால்."

சூப்பிரண்டு சங்கத்துப் பையன் கையிலிருந்த போனை வாங்கிப் பார்த்துவிட்டு, "இத எனக்கு அனுப்புப்பா" என்றார்.

அடுத்த மாதம் விசாரணை. புதுக் காலிப்பர் வாங்கியபோது அன்றைய காலிப்பரை அவர் என்னிடம் கொடுத்துவிட்டார்; இன்னும் அந்த மஞ்சள் பையில் என்னிடம்தான் இருக்கிறது. கழட்டி வாங்கி வைத்துக்கொண்டவள் நான். இந்த முறை அதை அவர்கள் மேசைமேல் கொண்டுபோய் வைக்கப்போவதும் நான்தான். மரியாதை எல்லாம் இதுவரைக்கும் போதும்.

போயிட்டு வாடி, இந்திராணி. உன் பேரு நிக்குது.